கோடு படுத்த பிறகும் ஓடிய ரன்

இந்த ஆண்டு நம் குழுவில் சேர்ந்திருப்பவர்களுக்கு,

இப்படி எழுதுகிறவர்கள் பெரும்பாலும் ஓய்வு பெற்றவர்கள். தலை நரைத்து, கோபம் ஆறி, எல்லாரையும் மன்னித்து முடித்த பிறகு எழுத உட்காருவார்கள். எனக்கு இன்னும் நரைக்கவில்லை. கோபமும் ஆறவில்லை. ஆறிய பிறகு எழுதினால் பாதி விட்டுப்போகும் என்பதால் இப்போதே எழுதுகிறேன்.

போன வாரம் உங்களில் ஒருத்தி என் அறைக்கு வந்தாள். ஒரு ரன் முடிந்துவிட்டது என்றாள். முடிந்தது என்று எப்படித் தெரியும் என்று கேட்டேன். "கோடு படுத்துருச்சுக்கா. நிறுத்திட்டேன். எல்லாரும் அப்படித்தானே செய்யிறாங்க?" என்றாள். அந்த 'எல்லாரும்' என்ற சொல்தான் என்னை எழுத வைத்தது.

முதல் வாரத்தில் இருப்பவர்களுக்காகக் கொஞ்சம் சொல்லிவிடுகிறேன். சூரியனுக்குள் நடக்கும் அணுக்கரு இணைவைப் பூமியில் ஒரு காந்தக் கூண்டுக்குள் நடத்திக் காட்ட உலகம் முழுக்க முயற்சி நடக்கிறது. கூண்டுக்குள் இருக்கும் பிளாஸ்மா கோடிக்கணக்கான டிகிரி சூடு. அந்தச் சூடு உள்ளேயே நிற்க வேண்டும். நிற்காது. பிளாஸ்மா கொந்தளிக்கும், சின்னச் சின்னச் சுழல்கள் கிளம்பி, சூட்டை வெளியே கடத்திக்கொண்டு போய்விடும். எவ்வளவு கடத்தும் என்று கணக்கிட்டுச் சொல்வது நம் வேலை. நாம் சொல்லும் எண்ணை நம்பித்தான் எந்திரம் கட்டுகிறவர்கள் சுவரின் தடிமனையும் குளிரூட்டும் குழாய்களையும் தீர்மானிக்கிறார்கள்.

கணக்கைப் பெரிய கணினித் தொகுதியில் ஓட விடுகிறோம். அதுதான் ரன். நேரம் ஓட ஓட, வெளியேறும் சூடு திரையில் ஒரு கோடாக வரும். முதலில் செங்குத்தாக ஏறும், பிறகு விழும், அப்புறம் சின்ன நடுக்கத்தோடு கிடையாகப் போகும். அதைத்தான் 'கோடு படுத்துவிட்டது' என்கிறோம். படுத்த பகுதியில் ஒரு துண்டை வெட்டிச் சராசரி எடுத்து, ரன்னை நிறுத்திவிடுவது வழக்கம். கணினி நேரம் பொதுவில் இருப்பதால், சீக்கிரம் நிறுத்துகிறவர் நல்லவர் என்று பெயர். எந்த இடத்தில் வெட்டுவது என்பதற்கு மட்டும் விதி கிடையாது. அனுபவமுள்ளவர் கண்ணால் பார்த்துச் சொல்வார், மற்றவர்கள் தலையாட்டுவார்கள்.

நான் சேர்ந்தபோது அந்தக் கண் எங்கள் அப்போதைய குழுத்தலைவருடையது. அவர் கெட்டிக்காரர், அதை மறுக்கமாட்டேன். சேர்ந்த அன்று, என் வீட்டில் இயற்பியல் படித்தவர்கள் யார் என்று கேட்டார். இயற்பியல் இல்லை, பள்ளிக்கூடத்துக்கே நான்தான் முதலில் போனவள் என்றேன். அதைச் சொல்வதில் எனக்குப் பெருமைதான். அவர் முகத்தில் ஓர் இரக்கம் வந்தது. அன்றிலிருந்து வெளியாட்களிடம் என்னை அறிமுகம் செய்யும்போது, "ரன் எல்லாம் இவங்கதான் ஓட்டுவாங்க" என்பார். கோட்பாடு வேறு யாரோ செய்வதுபோலவும் நான் மோட்டார் போட்டுவிடுகிறவள் போலவும்.

என் ஊர் தேவாரம். அம்மா ஏலத்தோட்ட வேலைக்குப் போகிறவர். விடிவதற்குள் ஜீப்பில் ஏறி மலைக்கு அந்தப் பக்கம் போய், இருட்டுவதற்குள் திரும்புவார். ஓர் ஆடியில், மழையில் ஊறிக் கிடந்த சரிவில் சறுக்கி விழுந்து மணிக்கட்டை உடைத்துக்கொண்டார். நான் விடுப்பு எடுத்து ஊருக்கு வந்தேன். கிளம்பும் முன்பு ஒரு பெரிய ரன்னைக் கணினியின் வரிசையில் போட்டுவிட்டு வந்தேன். புதிய எந்திரம் ஒன்றின் வடிவமைப்புக்கு நாங்கள் தர வேண்டிய எண் அதிலிருந்துதான் வர வேண்டும். கோடு படுத்ததும் ஊரிலிருந்தே நிறுத்திவிடுவதாக ஏற்பாடு. என் கணக்கில் ஓடும் ரன்னை வேறு யாரும் நிறுத்த முடியாது.

ஆடிக் காற்று எப்படி என்று கம்பம் பள்ளத்தாக்கில் இருந்தவர்களுக்குத்தான் தெரியும். வாழையை வரிசை வரிசையாகச் சாய்த்துப் போட்டது. மின்கம்பி அறுந்தது, செல்போன் கோபுரமும் செத்தது. சில நாட்கள் எனக்கு உலகத்தோடு தொடர்பே இல்லை. நிறுத்த வேண்டிய ரன்னை நிறுத்த முடியவில்லை. இதில் என் சாமர்த்தியம் ஒன்றுமில்லை என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். பின்னால் பலர் இதைத் தொலைநோக்கு என்று பேசினார்கள். காற்று அடித்தது, அவ்வளவுதான்.

அம்மாவின் கட்டைப் பார்க்கத் தேனிக்கு எலும்பு டாக்டரிடம் போனபோதுதான் போனில் சிக்னல் வந்தது. வந்ததும் தலைவரின் செய்திகள் கொத்தாக விழுந்தன. குழுவின் கணினி நேரத்தை நான் ஒருத்தியே தின்றுகொண்டிருக்கிறேனாம். பொறுப்பில்லையாம். பதறிக்கொண்டு ரன்னைத் திறந்தேன்.

கோடு படுத்திருந்தது. வழக்கமாக வெட்டும் இடத்தைத் தாண்டி, இன்னும் அதே அளவு தாண்டி, நன்றாகப் படுத்தே இருந்தது. அதற்குப் பிறகு எழுந்திருந்தது. மெதுவாக ஏறி, பழைய உயரத்தின் இரண்டு மடங்குக்கும் மேலே போய், அங்கே இன்னொரு முறை படுத்திருந்தது.

ஆஸ்பத்திரி பெஞ்சில் போனைக் கையில் வைத்துக்கொண்டு அப்படியே இருந்துவிட்டேன்.

"என்னத்தா, பேயடிச்சாப்ல உக்காந்திருக்க?" என்றார் அம்மா. "ஆபீஸ்ல வைறாகளா?"

"வைறாகதான். அது கெடக்கு. இங்கன பாரு, இந்தக் கோடு ஏறியிருக்கு."

"ஏறுனா நல்லதா கெட்டதா?"

"கெட்டது. சூடு நெனச்சதுக்கு மேல வெளிய போகுதுன்னு அர்த்தம்."

"நீ ஆக்குற அடுப்பு இன்னும் பத்தவே இல்லங்கிற. பத்தாத அடுப்புல சூடு போகுதுன்னு இப்பவே அழுகிற. நல்ல வேலதான் பாக்குற போ."

சிரித்தேன். ஆனால் பயமாக இருந்தது. காரணம் சொல்கிறேன். பிளாஸ்மாவுக்குள் பட்டை பட்டையாக எதிரெதிர்த் திசையில் ஓடும் ஓட்டங்கள் உருவாகும். அவைதான் சுழல்களைக் கிழித்து அடக்கி வைப்பவை. கோடு படுத்திருப்பது அவற்றின் தயவால்தான். ஆனால் அந்தப் பட்டைகளே மிக மெதுவாகத் தேய்ந்து, ஒருநாள் அறுந்துபோனால்? நாம் வெட்டிச் சராசரி எடுத்த அமைதி, அறுவதற்கு முந்தைய அமைதியாக இருந்தால்? அதுவரை நம் குழு எந்த ரன்னையும் அவ்வளவு தூரம் ஓட விட்டதில்லை. இருக்கிறதா என்று பார்க்காமலே இல்லை என்று நம்பிக்கொண்டிருந்தோம்.

இன்னொரு சாத்தியமும் உண்டு. நிரலில் துளித்துளியாகச் சேரும் பிழை, நீண்ட ஓட்டத்தில் குவிந்து இப்படிக் காட்டலாம். எது உண்மை என்று அந்தப் பெஞ்சில் எனக்குத் தெரியவில்லை. தெரிந்துகொள்ள வழி இருந்தது. வேறு வேறு தொடக்கங்களிலிருந்து ஓட்ட வேண்டும், கணக்கிடும் புள்ளிகளின் வலையை இன்னும் நெருக்கமாக்கி ஓட்ட வேண்டும். எல்லாவற்றிலும் அதே உயரத்துக்கு ஏறினால் பிளாஸ்மாவின் வேலை. வலையை மாற்ற மாற்ற உயரமும் மாறினால் நம் பிழை. அங்கேயே உட்கார்ந்து இரண்டு ரன்களை வரிசையில் போட்டேன். முடிய வாரக்கணக்கில் ஆகும். எந்திரம் கட்டுகிறவர்களிடம் எண்ணை ஒப்படைக்கும் மதிப்பாய்வுக் கூட்டமோ மூன்றாம் நாள்.

குழுவில் எனக்கு மூத்த விஞ்ஞானி ஒருவர் இருந்தார். நல்ல மனிதர், அதனாலேயே அவர்மேல் கோபம் அதிகம். அன்று மாலை அவரை அழைத்து விஷயத்தைச் சொன்னேன்.

"படுத்த இடத்துல கட் பண்ணிடும்மா," என்றார். "எப்பவும் அங்கதானே கட் பண்றோம். காத்து அடிக்கலைன்னா நீயே அங்க நிறுத்தியிருப்ப. மிச்சத்தைப் பாத்திருக்கவே மாட்ட."

"பாத்துட்டேனே சார்."

"பாக்கலைன்னு நெனச்சுக்கோ. உன் கான்ட்ராக்ட் நீட்டிப்பு அடுத்த மாசம் வருது. தலைவர்தான் கையெழுத்துப் போடணும். எதுக்கு இப்ப?"

"எந்திரம் கட்டின பிறகு சுவர் தாங்கலைன்னா?"

"அதுக்குள்ள நாம ரெண்டு பேரும் வேற எங்கேயாவது இருப்போம்."

இதை அவர் நகைச்சுவையாகத்தான் சொன்னார். எனக்குச் சிரிப்பு வரவில்லை. அந்த அறிக்கையில், அந்த எண்ணுக்குப் பக்கத்தில், கணக்கிட்டவர் என்று என் பெயர் இருக்கும். எங்கள் வீட்டிலிருந்து முதன்முதலாக அச்சில் ஏறும் பெயர். அது ஒரு பாதிக் கோட்டின் மேல் ஏற வேண்டுமா என்பதுதான் என் முன்னால் இருந்த கேள்வி.

தலைவருக்கு முழுக் கோட்டையும் அனுப்பினேன். நிரலின் பிழை, கூட்டத்தில் இதைப் பற்றிப் பேச வேண்டியதில்லை என்று ஒரே வரியில் பதில் வந்தது. பிழை என்று எதை வைத்துச் சொன்னார்? எதையும் வைத்து அல்ல. கண்ணால் பார்த்து.

கூட்டத்தன்று வீட்டில் இணைப்பு நம்பும்படி இல்லை. தேவாரத்தில் நல்ல கம்பி இணைப்பு இருந்தது பாண்டியம்மா அக்காவின் இ-சேவை மையத்தில். பட்டாவுக்கும் ஆதாருக்கும் ஆட்கள் காத்திருந்தார்கள். எனக்கு மூலையில் இருந்த கணினியை ஒதுக்கிவிட்டு, அச்சு எந்திரத்தின் சத்தத்தை நிறுத்தினார் அக்கா.

வரிசையில் இருந்த ஒரு மாமா என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். "ஏம்மா, நீ சயின்ஸ்ல இருக்கியாமே. மலையக் கொடையணும்னு வந்தாகளே, அவுக கூட மீட்டிங்கா?"

"இல்ல மாமா, அது வேற. நாங்க மலைப்பக்கமே வரல."

"எல்லாரும் மொதல்ல அப்படித்தான் சொல்லுவாக."

இயற்பியல் ஆய்வகம் ஒன்றுக்காக மலையைக் குடையும் திட்டம் வந்ததிலிருந்து, எங்கள் பக்கத்தில் இயற்பியல் என்று சொன்னாலே இந்தச் சந்தேகம் வரும். அதற்கும் கோபப்பட்டிருப்பேன், நேரம் இல்லை.

கூட்டம் தொடங்கியது. எங்கள் குழுத்தலைவர்தான் கூட்டத்தைத் திறந்து நடத்தினார். மதிப்பாய்வுக்கு வெளியிலிருந்து ஓர் அம்மையார் வந்திருந்தார், எந்திரம் கட்டும் பக்கத்திலிருந்து சில பொறியாளர்கள். தலைவர் பாதிக் கோட்டைத் திரையில் போட்டார். படுத்த இடத்தோடு படம் முடிந்திருந்தது. எண்ணைச் சொன்னார். பொறியாளர்களில் ஒருவர், இதைக் கணக்கிட்டவர் இருக்கிறாரா, ரன் எவ்வளவு தூரம் ஓடியது என்று கேட்டார்.

நான் வாயைத் திறந்தேன். "ஓட்டம் இதற்குப் பிறகும்" என்பது வரைக்கும் ஆங்கிலத்தில் சொல்லியிருப்பேன். திரையில் என் பெயருக்குப் பக்கத்தில் இருந்த மைக்கின் குறுக்கே சிவப்புக் கோடு விழுந்தது. அழுத்தினேன். ஒலியைத் திறக்க எனக்கு அனுமதி இல்லை என்று காட்டியது. தலைவர் மிக மென்மையாகச் சொல்லிக்கொண்டிருந்தார்: அவர் விடுப்பில் கிராமத்தில் இருக்கிறார், அங்கே லைன் விட்டு விட்டு வருகிறது, நானே பதில் சொல்லிவிடுகிறேன்.

லைன் விட்டு விட்டு வரவில்லை. என் வாழ்க்கையில் அவ்வளவு தெளிவான லைனை நான் கண்டதில்லை. அவர் சட்டைப் பேனாவின் மூடி வரை தெரிந்தது.

பின்னாலிருந்து அக்காவின் குரல். "பாப்பா, ஒன்னைய அமத்திட்டாக போல?"

"ஆமாக்கா."

"எங்க பயலுக்கு ஆன்லைன் கிளாஸ் நடந்தப்ப டீச்சர் இப்படித்தான் அமத்துவாக, சேட்ட பண்ணுற பிள்ளைகள. நீ என்ன சேட்ட பண்ணுன?"

"இன்னும் பண்ணலக்கா. இனிமேத்தான்."

எழுதும் பெட்டி திறந்திருந்தது. அதை அணைக்க அவர் மறந்திருந்தார். எல்லாரும் பார்க்கும்படி எழுதினேன்: 'இணைப்பு நன்றாக இருக்கிறது. என் ஒலி அணைக்கப்பட்டிருக்கிறது. திரையில் இருப்பது ரன்னின் முதல் பகுதி மட்டுமே. அதன் பிறகு வெப்ப இழப்பு இரண்டு மடங்குக்கு மேல் உயர்கிறது. இந்த எண்ணை என் பெயரில் போட வேண்டாம்.'

தலைவர் பேச்சை நிறுத்தினார். அம்மையார் அவரை அவருடைய முதல் பெயரால் அழைத்து, அந்தப் பெண்ணின் ஒலியைத் திறந்துவிடுங்கள் என்றார். சிவப்புக் கோடு மறைந்தது. முழுக் கோட்டைக் காட்டினேன். தலைவர் உடனே அது நிரலின் பிழை என்றார். அம்மையார் என்னிடம் கேட்டார்: "பிழையா, உண்மையா?"

நீங்கள் கவனிக்க வேண்டிய இடம் இதுதான். அந்த நேரத்தில் எனக்கு இருந்த கோபத்துக்கு, உண்மை என்று அடித்துச் சொல்லியிருக்கலாம். சொல்லியிருந்தால் இனிப்பாக இருந்திருக்கும். நாக்கின் நுனி வரை வந்தது. ஆனால் எனக்குத் தெரியாது. அவர் எதையும் வைத்துக்கொள்ளாமல் பிழை என்றார். நானும் எதையும் வைத்துக்கொள்ளாமல் உண்மை என்றால், அவர் செய்ததையே நானும் செய்ததாக ஆகும், குரல் மட்டும்தான் வேறு. நமக்கு அநியாயம் நடந்திருக்கிறது என்பதற்காக நம் கணக்கு சரியாகிவிடாது.

"தெரியவில்லை," என்றேன். "தெரிந்துகொள்ள இரண்டு ரன்கள் ஓடிக்கொண்டிருக்கின்றன. அவை முடியும்வரை இந்த எண்ணை வைத்து எதையும் கட்டாதீர்கள்."

பொறியாளர் தலையாட்டினார். முடிவு தள்ளிவைக்கப்பட்டது. கூட்டம் முடிந்ததும் தலைவரிடமிருந்து செய்தி வந்தது. வெளியாட்கள் முன்னால் குழுவைக் காட்டிக்கொடுத்ததாக எழுதியிருந்தார். அறிக்கையிலிருந்து என் பெயரை எடுத்துவிடுவதாகவும்.

வீட்டுக்குப் போனேன். அம்மா கட்டுப் போட்ட கையை மடியில் வைத்துக்கொண்டு, மறு கையால் வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தார்.

"வேல போயிருச்சா?"

"இன்னும் போகல. எம்பேர எடுத்துருவாக."

"எதுலருந்து?"

"நான் செஞ்ச வேலைலருந்து."

"தோட்டத்துல எம்மூட்டைய இன்னொருத்தி பேருல எடை போட்டுப் பாக்கட்டும். ஜீப்ப எடுக்க விட்ருவேனா? நீ என்ன செஞ்ச?"

"எழுதிப் போட்டேன்."

"எழுதியா போட்ட," என்றார் அம்மா. "ம்க்கும். படிக்க வச்சது இதுக்குத்தானாக்கும்."

என் பக்கம் இருந்த ஒரே ஆளும் இப்படி.

வாரங்கள் கழித்து இரண்டு ரன்களும் முடிந்தன. நெருக்கமான வலையில் கொஞ்சம் முந்தியும், மாற்றுத் தொடக்கத்தில் கொஞ்சம் பிந்தியும் கோடு எழுந்தது. ஆனால் இரண்டிலும் அதே உயரத்தில் போய்ப் படுத்தது. பட்டைகள் அறுந்துதான் போயிருந்தன. பொறியாளர்கள் குளிரூட்டலை மாற்றி வரைந்தார்கள். அம்மையார் கேட்டுக்கொண்டதால் அந்தப் பகுதியை நானே எழுதினேன், என் பெயர் திரும்ப ஏறியது. கான்ட்ராக்ட்டை மட்டும் பாதிக் காலத்துக்கு நீட்டினார்கள். ஒத்துழைப்பு போதவில்லை என்பது காரணம்.

ஆனால் அறிக்கையின் முன்னுரையைத் தலைவர் எழுதினார். அதில் ஒரு வரி இருக்கிறது. 'மிக நீண்ட ரன்களை ஓட்டிப் பார்க்கும் எங்கள் குழுவின் வழக்கத்தால் இந்த உயர்வு கண்டறியப்பட்டது.' உங்களுக்கு முதல் நாள் பாடமாகக் காட்டுகிற வரி அதுதான். படித்ததும் அவர் அறைக்குப் போனேன். எந்த வழக்கம் என்று கேட்டேன். அறிவியலில் 'நான்' என்பதே கிடையாது என்று பதில் சொன்னார். அப்படியென்றால் முதலில் இருக்கும் உங்கள் பெயரை எடுத்துவிடலாமா என்று கேட்டேன். அதன் பிறகு எங்களுக்குள் பேச்சு இல்லை. இப்போது அவர் வேறு ஊரில், இதைவிடப் பெரிய பதவியில் இருக்கிறார். தண்டனை எதுவும் நடக்கவில்லை. நடக்கும் என்று நினைத்து இதைப் படித்தவர்கள் என்னை மன்னிக்கவும்.

ஆகவே தெரிந்துகொள்ளுங்கள். அப்படி ஒரு வழக்கம் நமக்கு இருந்ததே இல்லை. இருந்தது சீக்கிரம் நிறுத்தும் வழக்கம். போன வாரம் நீங்கள் செய்தது அதைத்தான்.

திங்கட்கிழமை இணையவழிக் கூட்டத்தை இப்போது நான் நடத்துகிறேன். பொறுப்பு கைக்கு வந்த அன்றே, ஒருவர் ஒலியை இன்னொருவர் அணைக்கும் வசதியை எடுத்துவிட்டேன். யாருக்கும் கிடையாது, எனக்கும் கிடையாது.

இந்தத் திங்களன்று, நிறுத்திவிட்ட அந்த ரன்னின் கோட்டைத் திரையில் போட்டோம். எங்கே வெட்டியது, ஏன் என்று ஒருவர் கேட்டார். ஓட்டியவளுக்குப் பதில் தெரியும். இன்னும் ஓட விட்டிருக்கலாமோ என்று அவளுக்கே ஒரு சந்தேகம் இருப்பதை முந்தின நாள் என்னிடம் சொல்லியிருந்தாள். கூட்டத்தில் அவள் பேசவில்லை. கூட இருந்த நீங்களும் பேசவில்லை. நான் திரையைப் பார்த்தேன். உங்கள் எல்லார் பெயருக்கும் பக்கத்தில் சிவப்புக் கோடு இருந்தது.

வேறு யாரும் போட்டதல்ல. நீங்களே போட்டுக்கொண்டது.